தூக்கலாய் ஒரு கரண்டி

அத்தியாயம் ஒன்பது

மேஸ்திரி வீட்டுக் கதைக்கு இன்றுதான் வந்து சேர்ந்தவர்களுக்காக நாலு வரி. மற்றவர்கள் அதற்குள் ஒரு வாய் காபி குடித்துவிட்டு வரலாம்.

மேஸ்திரிக்குக் கல்யாணமாகி வெகுகாலம் கழித்து ஒரு பையன் பிறந்தான். அவசரக்காரன். நாள் நிறைவதற்கு முன்பே வந்துவிட்டான். கண்ணாடிப் பெட்டிக்குள் அவனும், காய்ச்சலோடு பக்கத்து வார்டில் அவன் அம்மாவும் கிடந்த நாட்களைத் திரும்பச் சொல்லி யாரையும் அழவைக்கப் போவதில்லை. காய்ச்சல் போயிற்று. போகும்போது தாய்ப்பாலில் முக்கால் பங்கையும் கூட்டிக்கொண்டு போயிற்று. அந்தக் காய்ச்சல் நாட்களிலேயே கையில் ஒரு பையோடு, ஒரு வாரம் இருந்துவிட்டுப் போகிறேன் என்று வந்தவள்தான் மேஸ்திரியின் அக்கா. பையனுக்கு இப்போது ஐந்து மாதம். அக்காவின் ‘ஒரு வாரம்’ இன்னும் முடியவில்லை.

இன்று பையனைப் பார்த்தால், அந்தப் பெட்டிக்குள் கிடந்தவன் இவன்தான் என்று சத்தியம் செய்தாலும் யாரும் நம்பமாட்டார்கள். தாடைக்குக் கீழே இன்னொரு தாடை. மணிக்கட்டில் மடிப்பு, தொடையில் மடிப்பு, மடிப்புக்குள் இன்னொரு மடிப்பு. மடியில் சாய்த்து உட்காரவைத்தால் கல்லாவில் உட்கார்ந்து ஆட்களை மேய்க்கிறவர் தோரணை. தெரு முழுக்க அவனுக்கு ‘முதலாளி’ என்று பெயர் வைத்துவிட்டது. காய்கறிக்காரர் வண்டியை நிறுத்தி, முதலாளி எழுந்தாச்சா என்று விசாரித்துவிட்டுத்தான் வியாபாரத்தைத் தொடங்குவார்.

அதைக் கேட்கும்போதெல்லாம் மேஸ்திரிக்கு உச்சி குளிர்ந்துவிடும்.

காலையில் கட்டட வேலைக்குக் கிளம்பும் முன் அவருக்கு வீட்டில் ஒரு வேலை உண்டு. சமையல் மேடையில் சின்னச் சின்ன எவர்சில்வர் டப்பாக்களை வரிசையாக வைத்து, அன்றைக்குப் பையனுக்கு வேண்டிய பால் பவுடரை வேளைக்கு ஒரு டப்பாவாகப் போட்டு மூடிவிடுவார். அதற்குப் பிறகு பெண்கள் செய்யவேண்டியது, கொதித்து ஆறிய தண்ணீரைப் பாட்டிலில் கோடு வரை ஊற்றி, ஒரு டப்பாவைக் கவிழ்த்துக் குலுக்குவதுதான். மனைவி போன மாதம் வேலைக்குத் திரும்பியபோது, பகலில் அக்கா ஒருத்தியாய் அல்லாட வேண்டாமே என்று மேஸ்திரி கண்டுபிடித்த ஏற்பாடு இது. கலவை என் பொறுப்பு, நீங்கள் யாரும் தலையிடாதீர்கள் என்று அன்றே சொல்லிவிட்டார்.

கலவை விஷயத்தில் அவர் கஞ்சப்பிசுநாறி இல்லை. சிமெண்டைக் குறைத்து மணலைக் கூட்டச் சொல்லும் கான்ட்ராக்டரிடம், வேறு ஆளைப் பார்த்துக்கொள்ளுங்கள் என்று சட்டையை மாட்டிக்கொண்டு கிளம்பிவிடுகிற ஆள்.

கரண்டியைத் தலைதட்டித்தான் போடவேண்டும் என்று பவுடர் டின்னில் படம் போட்டே அச்சடித்திருந்தது. மேஸ்திரியும் அதைப் பார்த்தார். அது ஊரில் உள்ள குழந்தைகளுக்கு. நம் பையன் குறைந்து பிறந்தவன், அதை ஈடுகட்ட வேண்டாமா என்பது அவர் கணக்கு. அதனால் தலைதட்டமாட்டார். கோபுரமாக அள்ளுவார். கடைசியில், தூக்கலாகவே இருக்கட்டும் என்று வேளைக்கு ஒரு கரண்டி கூடுதல். கண்ணாடிப் பெட்டிக்கு வெளியே நின்று ஒன்றும் செய்ய முடியாமல் தன் கைகளையே பார்த்துக்கொண்டிருந்த மனிதர் அவர். ஒவ்வொரு டப்பாவை மூடும்போதும் அவருக்கு நெஞ்சு கொஞ்சம் ஆறும். இதை அவர் மறைக்கவில்லை. யாரும் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை.

இன்று கடைசி டப்பாவை மூடும்போதே கூடத்தில் அழுகை எழுந்தது. அக்கா பாட்டிலோடு ஓடினாள்.

அக்கா ஒரு பெரிய மாணவர் விடுதியில் சமையல்காரி. சம்பளமில்லாத விடுப்பில் வந்திருக்கிறாள். தட்டில் மிச்சம் வைத்துவிட்டு எழுந்திருக்கிற பிள்ளையைக் கண்டால் அன்றைக்கு அவளுக்குச் சோறு இறங்காது. தனக்கென்று ஒரு பிள்ளை வாய்க்காதவள். முதலாளி அழுதால் பாட்டில், சிணுங்கினால் பாட்டில், சும்மா மின்விசிறியைப் பார்த்துக்கொண்டிருந்தாலும், பாவம் வாய்விட்டுக் கேட்கத் தெரியவில்லை என்று பாட்டில்.

பையன் பாதி குடித்துவிட்டு முகத்தைத் திருப்பினான். அக்கா பாட்டிலை அந்தப் பக்கம் கொண்டுபோனாள். அவன் இந்தப் பக்கம் திரும்பினான். அவள் உள்ளங்காலைச் சுரண்டி, கன்னத்தைத் தடவி, இன்னும் ரெண்டே வாய் என்று பேரம் பேசி, பாட்டிலைக் காலி செய்தே விட்டாள்.

தலை வாரிக்கொண்டிருந்த மேஸ்திரியின் மனைவி இதையெல்லாம் பார்த்துக்கொண்டுதான் இருந்தாள். சீப்பை வைத்துவிட்டு வந்து பையனைத் தூக்கினாள்.

கூரியர் அலுவலகத்தில் பார்சல்களை எடை போட்டு வாங்குவது அவள் வேலை. கையில் வாங்கும்போதே எடையைச் சொல்லிவிடுவாள்; தராசு அதற்குப் பிறகு ஆமாம் போடும். அந்தக் கைக்குத்தான் கொஞ்ச நாளாக ஓர் உறுத்தல்: பையன் அளவுக்கு மீறிக் கனக்கிறான். போன வாரம் அதை வாய்விட்டுச் சொன்னபோது அக்காவும் தம்பியும் சேர்ந்து சிரித்தது தொடர்ந்து படிப்பவர்களுக்கு நினைவிருக்கும். பெற்றவளே இப்படிச் சொல்லலாமா என்று அவள் வாயை அடைத்துவிட்டார்கள்.

இன்று அவள் யாரையும் சிரிக்கவிடவில்லை. பையன் முகம் சிவக்க முக்குகிறான், போவது கூழாங்கல்லாகப் போகிறது. டயபர் முன்பு போல நனைவதில்லை. குடித்து முடித்துக் கொஞ்ச நேரத்தில் மறுபடியும் அழுகை. இன்றைக்கு ஆஸ்பத்திரிக்குப் போகிறோம், லீவு சொல்லியாயிற்று என்றாள்.

வளர்கிற பிள்ளைக்குப் பசிக்காதா, இதற்கெல்லாமா டாக்டர் என்று அக்கா ஆரம்பித்தாள்.

“அவன் போதும்னு மூஞ்சியத் திருப்பறான் அண்ணி. நீங்கதான் விடல. நீங்க ஊட்டறது அவன் வயித்துக்கு இல்ல, உங்க மனசுக்கு.”

நெல்லைக் கொட்டினால் அள்ளலாம், சொல்லைக் கொட்டினால் அள்ள முடியுமா? சொன்னவளுக்கே முகம் வெளுத்துவிட்டது. ஆனால் பின்வாங்கவும் இல்லை.

அக்கா பாட்டிலைக் கழுவிக் கவிழ்த்தாள். கொடியில் காய்ந்துகொண்டிருந்த தன் துணிமணிகளை எடுத்து மடித்துப் பையில் வைத்தாள். அவள் நாலு வார்த்தை சண்டை போட்டிருந்தால் மேஸ்திரிக்கு நிம்மதியாக இருந்திருக்கும்.

மத்தளத்துக்கு இரண்டு பக்கமும் இடி என்பார்களே, அந்த நிலைமை அவருக்கு. வாயைத் திறந்தார். மனைவி திரும்பிப் பார்த்தாள். மூடிக்கொண்டார். அக்கா கொஞ்சம் அதிகமாகத்தான் ஊட்டுகிறாளோ என்று அவருக்கும் உள்ளுக்குள் தோன்றியது. தன்னைப் பற்றி மட்டும் ஒன்றுமே தோன்றவில்லை.

ஆஸ்பத்திரிக்கு அக்காவும் கிளம்பினாள். பகலெல்லாம் பிள்ளையோடு இருப்பவள் நான், டாக்டர் கேட்டால் சொல்ல ஆள் வேண்டாமா என்றாள். ஆஸ்பத்திரி வாசலிலேயே ஊருக்குப் பஸ் நிற்கும், அப்படியே ஏறிக்கொள்கிறேன் என்பதைத் தம்பியின் காதில் மட்டும் போட்டாள். பை அவள் கையில் இருந்தது.

*

குழந்தைகள் ஆஸ்பத்திரியின் காத்திருக்கும் கூடத்தில் முதலாளிக்கு ஏக வரவேற்பு. எதிரே இருந்த ஒரு பெண், தன் ஒல்லிப் பையனை இடுப்பில் மாற்றி வைத்துக்கொண்டு, என்ன பவுடர் கொடுக்கிறீர்கள் என்று மேஸ்திரியிடம் ஆசையாகக் கேட்டாள். வேறு நாளாக இருந்தால் அவர் பிரசங்கமே நடத்தியிருப்பார். இன்று பெயரை மட்டும் முணுமுணுத்துவிட்டுச் சுவரைப் பார்த்தார்.

நர்ஸ் பையனைத் தராசில் கிடத்தினாள். மனைவி எட்டிப் பார்க்கவில்லை. வாய்க்குள் ஓர் எண்ணைச் சொல்லிக்கொண்டாள். நர்ஸ் படித்ததும் அதே எண்தான்.

டாக்டரம்மா வயதில் சின்னவர், பேச்சில் சிக்கனம். குழந்தையின் வளர்ச்சிக் கோடு போட்ட அட்டையை மூவரும் பார்க்கும்படி திருப்பி வைத்தார். குறைந்து பிறந்த பிள்ளை கொஞ்சம் வேகமாக ஏறி மற்றவர்களை எட்டிப் பிடிப்பது நல்லதுதான், அதில் நீங்கள் சந்தோஷப்பட்டதில் தப்பே இல்லை என்றார். ஆனால் இவன் எட்டிப் பிடித்த பிறகும் நிற்கவில்லை. உயரம் அதன் பாட்டுக்கு நிதானமாக வருகிறது. எடை மட்டும் தாவித் தாவிப் போகிறது. சின்ன வயதில் இந்த வேகத்தில் ஏறுகிற பிள்ளைகளுக்கு, வளர்ந்த பிறகும் உடல்பருமன், சர்க்கரை, ரத்த அழுத்தம் என்று தொல்லைகள் வர வாய்ப்பு கூடுதல் என்றார்.

பிறகு பையனின் உச்சியைத் தொட்டுப் பார்த்தார். உதட்டை விலக்கி நாக்கைப் பார்த்தார். வயிற்றுத் தோலை லேசாகப் பிடித்து விட்டார். டயபர் பற்றிக் கேட்டார். மறுபடியும் நாக்கைப் பார்த்தார். அவர் முகம் மாறியதை மேஸ்திரி கவனித்தார்.

பால் கொடுப்பது யார் என்று டாக்டர் கேட்டதும் அக்கா எழுந்து நின்றுவிட்டாள்.

“நான்தாம்மா. அழுதா குடுத்துடுவேன். அவன் வேணாம்னாலும் விடமாட்டேன். பாட்டில்ல மிச்சம் இருந்தா எனக்குப் பொறுக்காது. எல்லாம் என் தப்பு. இவங்க ரெண்டு பேரையும் ஒண்ணும் சொல்லாதீங்க.”

மனைவி தரையைப் பார்த்தாள்.

டாக்டர் அக்காவை உட்காரச் சொன்னார். வேண்டாம் என்கிற பிள்ளைக்கு ஊட்டினால் எடை ஏறும், கக்கும், வயிறு உப்பும்; அது புரிகிறது. ஆனால் இவ்வளவு பால் குடிக்கிற பிள்ளைக்கு நாக்கு ஏன் இப்படி வறண்டிருக்கிறது, டயபர் ஏன் நனையவில்லை, அதுதான் ஒட்டவில்லை என்றார். பாலை எப்படிக் கலக்குகிறீர்கள் என்று கேட்டார்.

டின்னில் போட்டிருக்கிறபடிதான் என்றாள் மனைவி. அக்காவும் தலையாட்டினாள். தண்ணீர் கோடு வரை, அதற்கு ஒரு டப்பா பவுடர்.

“அந்த டப்பாவில பவுடர் போடறது யாரு?”

மேஸ்திரி மடியிலிருந்த தன் கைகளைப் பார்த்தார்.

ஒரு வார்த்தை போதும். தலைதட்டித்தான் போடுகிறேன் என்று சொல்லிவிட்டால் யாரும் வீட்டுக்கு வந்து சோதிக்கப் போவதில்லை. அக்கா ஏற்கெனவே பழியைத் தூக்கித் தன் தலையில் வைத்துக்கொண்டாள், பஸ் ஏறிவிடுவாள். நாளையிலிருந்து சத்தம் காட்டாமல் சரியாக அள்ளினால் விஷயம் முடிந்தது. இவ்வளவும் அவர் மனதில் ஓடியது. அவர் நல்லவர் என்பதற்காக நாம் மறைக்கவேண்டாம். ஆனால் காரணம் தெரியாவிட்டால் டாக்டர் அதைப் பையனின் உடம்புக்குள்தான் தேடுவார், இல்லாத வியாதிக்கெல்லாம் அவனைக் குத்துவார்கள் என்பதும் கூடவே ஓடியது.

“நான்தான்,” என்றார். “கரண்டியத் தலைதட்டறதில்லம்மா. கோபுரமா போடுவேன். அப்புறம் வேளைக்கு ஒரு கரண்டி மேல. தூக்கலா இருக்கட்டும்னு.”

மனைவி திரும்பி அவரைப் பார்த்த பார்வையை எழுத எனக்குத் தெம்பில்லை.

டாக்டர் கோபப்படவில்லை. என்ன வேலை செய்கிறீர்கள் என்று கேட்டார். கொத்து வேலை என்று மேஸ்திரி சொன்னார்.

“சுவருக்குப் பூசற கலவையில சிமெண்ட அளவுக்கு மேல கொட்டினா என்ன ஆகும்?”

“வெடிப்பு விடும்மா,” என்றார் மேஸ்திரி, கேட்ட கேள்விக்குப் பதில் சொல்கிற பழக்கத்தில். “எவ்வளவு தண்ணி காட்டினாலும் பத்தாது, இன்னும் இன்னும்னு உறிஞ்சிக்கிட்டே...”

அங்கேயே நின்றுவிட்டார். இதைத் தன் வேலையாட்களிடம் எத்தனையோ முறை சொல்லியிருக்கிறார். வாயால் சொன்னது வீட்டுச் சமையல் மேடைவரை வந்து சேரவில்லை.

மீதியை டாக்டர் சொன்னார். கெட்டியாகக் கலந்த பாலில் உப்பும் சத்தும் அதிகம், தண்ணீர் குறைவு. வேண்டாததை வெளியேற்ற அந்தப் பிஞ்சுச் சிறுநீரகம் உடம்பில் இருக்கிற தண்ணீரையெல்லாம் இழுத்துச் செலவழிக்கும். பிள்ளைக்குத் தாகம் எடுக்கும். தாகம் என்று சொல்லத் தெரியாது, அழும். அழுதால் வாயில் மறுபடியும் அதே கெட்டிப் பால்.

“அவன் பசியில அழல. தாகத்துல அழுதிருக்கான்.”

ரத்தமும் சிறுநீரும் எடுக்கவேண்டும், சிறுநீரகம் எப்படி இருக்கிறது என்று பார்த்துவிட்டுத்தான் மேலே பேசமுடியும் என்றார். மத்தியானம் ஆகும்.

*

ஊசி குத்தும்போது பையன் வீறிட்ட சத்தம் வெளிப்படிக்கட்டு வரை கேட்டது. மேஸ்திரி அங்கே உட்கார்ந்திருந்தார். தவறாகப் போன சுவரை இடித்துவிட்டு மறுபடி எழுப்பலாம். பிள்ளையை என்ன செய்ய? பெட்டிக்குள் கிடந்தபோது காப்பாற்றிக் கொடுத்த ஆஸ்பத்திரிக்கே, நல்லா இருந்தவனை நாமே கெடுத்துக் கொண்டுவந்துவிட்டோமே என்று அவருக்கு மனம் விட்டுப்போயிற்று. அழவும் செய்தார். சின்ன அழுகை இல்லை.

அக்கா வந்து பக்கத்தில் உட்கார்ந்து தண்ணீர் பாட்டிலை நீட்டினாள். ஏன் எல்லாப் பழியையும் நீயே வாங்கிக்கொண்டாய் என்று அவர் கேட்டார்.

“பழிய எங்க வாங்கினேன். நெசத்தைத்தான் சொன்னேன். நீ கெட்டியா கலந்த, நான் விடாம ஊட்டினேன். ஒருத்தர் பண்ணினதே போதும், ரெண்டு பேரும் சேர்ந்து பண்ணியாச்சு.” பையை மடியில் இழுத்து வைத்துக்கொண்டாள். “அவ சொன்னதும் தப்பில்லடா. அவன் பாட்டிலக் காலி பண்ணிட்டான்னா, நான் இந்த வீட்ல இருக்கறதுக்கு ஒரு காரணம் கிடைச்ச மாதிரி இருந்துச்சு.”

மேஸ்திரி பாட்டிலை வாங்கித் தண்ணீரைக் குடித்தார்.

உள்ளே மனைவி பையனை மடியில் போட்டுக்கொண்டு தனியாக உட்கார்ந்திருந்தாள். அந்த நேரம் எப்படிப் போனது என்று பின்னால் கேட்டால் மூன்று பேருமே மூன்று விதமாகச் சொல்வார்கள். கடைசியில் நர்ஸ் வந்து கூப்பிட்டாள்.

சிறுநீரகத்துக்கு ஒன்றும் ஆகவில்லை.

டாக்டர் அதைத்தான் முதலில் சொன்னார், மற்றதெல்லாம் அதற்குப் பிறகு. ரத்தத்தில் உப்பு கொஞ்சம் ஏறியிருக்கிறது. சரியான அளவில் பால் கொடுத்தால் தானாக இறங்கவேண்டும். நாளை மறுநாள் மறுபடி பார்ப்போம், இறங்கியிருந்தால் நல்லது, இறங்காவிட்டால் வேறு ஏதாவது இருக்கிறதா என்று தேடவேண்டிவரும். இன்னும் ஒரு மாதம் இதைக் கவனிக்காமல் விட்டிருந்தால் நான் இப்படி உட்கார்ந்து பேசிக்கொண்டிருக்க மாட்டேன் என்றார். யார் முதலில் சந்தேகப்பட்டது என்று கேட்டார்.

மேஸ்திரி மனைவியைக் காட்டினார். இந்தக் கை இல்லாவிட்டால் என்ன ஆகியிருக்கும் என்று நினைத்தபோது, இத்தனை வருஷத்தில் இல்லாத ஒரு மரியாதை அவருக்கு அந்தக் கையின் மேல் வந்தது. எழுந்து கும்பிட்டாலும் தப்பில்லை என்று தோன்றியது. டாக்டர் முன்னால் வேண்டாம் என்று அடக்கிக்கொண்டார்.

பயந்துபோய் இன்றைக்கே நீர்க்கப் பாலைக் கலந்துவிடாதீர்கள், அதுவும் ஆபத்து என்று டாக்டர் குறிப்பாக அவரைப் பார்த்துச் சொன்னார். பட்டினி போடவும் வேண்டாம். இந்த வயதில் எடையைக் குறைக்கிற பேச்சே கிடையாது. வேகம் குறைந்தால் போதும், உயரம் வந்து பிடித்துக்கொள்ளும். பாட்டிலில் சர்க்கரை, மாவு எதுவும் சேர்க்கக்கூடாது. அழுதால் முதலில் தூக்கிப் பாருங்கள், எல்லா அழுகையும் பசி இல்லை. தாய்ப்பால் கொஞ்சம் இருந்தாலும் விடாதீர்கள், பிள்ளை சப்பச் சப்பத்தான் சுரக்கும்.

“எவ்வளவு குடிக்கணும்னு முடிவு பண்றது அவன். வாய மூடினா, தலையத் திருப்பினா, இறுக்கிப் பிடிச்ச கை தளர்ந்தா, போதும்னு அர்த்தம். பாட்டில்ல மிச்சம் இருந்தா இருக்கட்டும்.”

பிறகு, இவனை அந்தப் பெட்டியிலிருந்து இவ்வளவு தூரம் கொண்டுவந்ததும் நீங்கள் மூன்று பேர்தான், அதையும் மறந்துவிடாதீர்கள் என்றார். சிக்கனமாகப் பேசுகிறவர் அந்த ஒரு வாக்கியத்துக்கு மட்டும் கணக்குப் பார்க்கவில்லை. மேஸ்திரி அவரை நிமிர்ந்து பார்க்க முடியாமல் தலைகுனிந்து கேட்டுக்கொண்டார்.

சரியாகக் கலந்த முதல் பாலை இங்கேயே கொடுத்துக் காட்டுங்கள் என்று நர்ஸ் மேஜைமேல் டின்னையும் கரண்டியையும் ஒரு கத்தியையும் வைத்தாள். கலவை மேஸ்திரியின் பொறுப்பல்லவா? அவர் கரண்டியில் அள்ளி, கத்தியின் முதுகால் தலைதட்டினார். மட்டப்பலகை பிடித்துப் பழகிய கைதான், ஆனாலும் ஒவ்வொன்றையும் நர்ஸிடம் காட்டிவிட்டே போட்டார். அவள் சிரித்துவிட்டு, சரிங்க, இதுக்கு மேல என்னால முடியாது, நீங்களே போடுங்க என்றாள்.

பையனை அக்காவிடம் கொடுத்தது மனைவிதான். இதை மேஸ்திரி எதிர்பார்க்கவில்லை. அக்காவும் எதிர்பார்க்கவில்லை.

பையன் ஆவலாகக் குடித்தான். இடையில் நிறுத்தி மூச்சு விட்டான். மறுபடி குடித்தான். பிறகு வாயை மூடிக்கொண்டு முகத்தைத் திருப்பினான். பாட்டிலில் இன்னும் இருந்தது. அக்காவின் கை பழக்கத்தில் அவன் உள்ளங்காலுக்குப் போயிற்று, பாதி வழியில் நின்றது. அவள் அந்தக் கையைத் திரும்ப எடுத்து முந்தானைக்குள் வைத்துக்கொண்டாள். எழுந்து போய், மிச்சப் பாலைத் தொட்டியில் ஊற்றினாள். ஊற்றும்போது முகத்தை வேறு பக்கம் வைத்துக்கொண்டாள். விடுதியில் இத்தனை வருஷம் சமைத்தவளுக்கு அது லேசான காரியம் இல்லை.

*

ஆஸ்பத்திரிக்கு எதிரே பஸ் நிறுத்தம். சாயங்கால வெயிலில் சிமெண்டுப் பெஞ்சில் மூன்று பேரும் வரிசையாக உட்கார்ந்தார்கள். வீட்டுக்குப் போகிற பஸ்ஸும் இங்கேதான் வரும், அக்காவின் ஊர் பஸ்ஸும் இங்கேதான் வரும்.

மனைவிதான் முதலில் பேசினாள்.

“காலைல நான் பேசினதுக்கு மன்னிப்பு கேக்கணும் அண்ணி. அதுக்கு முன்னாடி வேற ஒண்ணு சொல்லணும். எனக்குக் காய்ச்சல்ல இவன் மொகம்கூட ஞாபகம் இல்ல. அந்தப் பெட்டி ஓட்டைக்குள்ள கைய விட்டு இவன் வெரலப் பிடிச்சுக்கிட்டு நீங்கதான் நின்னீங்கன்னு நர்சம்மா சொன்னாங்க. இத்தன நாள்ல நான் உங்களுக்கு ஒரு நன்றிகூடச் சொல்லல. சொன்னா, பெத்தவ நான் ஒண்ணும் செய்யலங்கறது நெசமாயிடும்னு பயந்துட்டேன்.”

அக்கா அவள் முழங்கையைப் பிடித்துக்கொண்டாள். வெகுநேரம் விடவில்லை.

“நீ காலைல சொன்னது பொய்யில்லம்மா. அதுக்காகத்தான் போறேன், கோவத்துல இல்ல. டாக்டர் முன்னாடி கைய நிறுத்திட்டேன். நாளைக்கு நீ ஆபீசுக்குப் போனப்புறம் யாரு நிறுத்தறது? என் கை சொன்ன பேச்சு கேக்காது.”

மேஸ்திரிக்கு இதுவரை எந்தப் பக்கம் பேசுவது என்று தெரியவில்லை. இப்போது பக்கமே இல்லை என்று பட்டது.

“உன் கைய ஊருக்கு அனுப்பிடறோம், சரி. என் கைய எங்க அனுப்பறது அக்கா?”

மனைவிதான் முதலில் சிரித்தாள். சிரிக்கும்போதே கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அக்கா சிரிப்பை அடக்கப் பார்த்து முடியாமல் தம்பியின் தொடையில் ஓர் அடி வைத்தாள்.

அந்தச் சத்தத்தில் முதலாளி அழுதான். மூன்று கைகள் ஒரே சமயத்தில் பாட்டில் இருந்த கூடைக்குப் போயின. மூன்றும் அப்படியே நின்றன. ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள்.

அக்கா பையனை வாங்கித் தோளில் சாய்த்துக்கொண்டு எழுந்து, தெருவைப் பார்த்து நின்றாள். ஒரு லாரி போயிற்று. இரண்டு சைக்கிள் போயின. ஒரு நாய் நிதானமாகச் சாலையைக் கடந்தது. முதலாளி அத்தனையையும் மேற்பார்வை பார்த்தான். அழுகை விசும்பலாயிற்று. விசும்பலும் நின்றது. அவள் கழுத்தில் முகத்தைப் புதைத்துக்கொண்டான். அவ்வளவுதான், அவனுக்கு வேண்டியது அந்தத் தோள்தான். இது தெரியாமல் எத்தனை பாட்டில் என்று மேஸ்திரி நினைத்தார். கூடவே, தெரிந்துகொள்ள ஒரு நாள் கிடைத்ததே என்று அந்த நாளுக்கு, அந்த டாக்டருக்கு, பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறவளுக்கு, எதிரே நிற்கிறவளுக்கு, எல்லோருக்கும் சேர்த்து மனதுக்குள் நன்றி சொல்லிக்கொண்டார். நாளை மறுநாள் ஒன்று பாக்கி இருக்கிறது. அதை அப்போது பார்த்துக்கொள்ளலாம்.

அக்காவின் ஊர் பஸ் வந்து நின்றது. கண்டக்டர் படியில் தொங்கியபடி ஊர் பெயரை உரக்கக் கத்தினார். பெஞ்சின் மேல் இருந்த பையையும் பிள்ளையோடு நிற்கிற அக்காவையும் பார்த்துவிட்டு, ஏறுவதானால் சீக்கிரம் ஏறுங்கள் என்று இன்னும் உரக்கக் கத்தினார்.

மேஸ்திரி பையைப் பார்த்தார். மனைவி அக்காவைப் பார்த்தாள்.

அக்கா கண்டக்டரிடம் திரும்பினாள்.

“மெதுவா பேசுங்க,” என்றாள். “பிள்ளை தூங்கறான்.”

அவர் விசில் ஊதாமல் கையால் தட்டி பஸ்ஸை எடுக்கச் சொன்னார். புழுதி அடங்கும் வரை அக்கா பையனின் முகத்தைத் தன் கையால் மறைத்துக்கொண்டு நின்றாள். அடுத்த பஸ்ஸில் போய்க்கொள்கிறேன் என்றாள்.

அது வீட்டுக்குப் போகிற பஸ்ஸா, ஊருக்குப் போகிற பஸ்ஸா என்று அவளை யாரும் கேட்கவில்லை.